பெயர் எழுதிக் கொடுத்தவர் யார்?

சயாம் மரண ரயில் என்றதும் உலகத்துக்கு ஞாபகம் வருவது ஒரு படம்தான்: 1957இல் வந்த 'தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் குவாய்'. ஏழு ஆஸ்கார் வாங்கிய படம். அதன் பாலத்தைச் சயாமில் கட்டவில்லை. இலங்கையில், கித்துள்கல என்ற ஊரில், களனி ஆற்றின் மேல் மரப்பாலம் கட்டி, அதில் நிஜ ரயிலை ஓடவிட்டு, வெடிவைத்துத் தகர்த்தார்கள். சீட்டியடித்தபடி அணிவகுத்து வரும் ஆங்கிலேயச் சிப்பாய்களைப் படம் பார்த்த எவரும் மறக்க மாட்டார். மலாயாத் தமிழர்களான நம் ஆட்கள் ஆயிரக்கணக்கில் அந்தப் பாதையில் மண் சுமந்தார்கள் என்பது மட்டும் அந்தப் படத்தைப் பார்த்தவருக்குத் தெரிய வழியே இல்லை.

சயாமின் பான்போங்கிலிருந்து பர்மாவின் தன்பியூசயாட் வரை ஜப்பான்காரன் போட்ட ரயில்பாதை 415 கிலோமீட்டர். 1942இல் தொடங்கி 1943 அக்டோபரில் தண்டவாளத்தை இணைத்துவிட்டார்கள். நேச நாட்டுப் போர்க்கைதிகள் 60,000 பேருக்கு மேல் வேலை செய்து, ஏறக்குறைய 12,000 பேர் செத்தார்கள். காஞ்சனாபுரியில் அவர்களுக்குக் கல்லறைத் தோட்டம் இருக்கிறது. பெயர், வயது, படைப்பிரிவு எல்லாம் பொறித்து, புல் வெட்டிச் சுத்தமாக வைத்திருக்கிறார்கள். ஆசியக் கூலிகள் இரண்டு லட்சத்தை ஒட்டிப் போனார்கள். அவர்களில் செத்தவர்கள் 90,000 என்று ஒருவர் எழுதுகிறார், அதற்கும் மேலே என்று இன்னொருவர் எழுதுகிறார். மலாயாவிலிருந்து போனவர்களில் பெரும்பாலோர் தோட்டத் தமிழர்கள். பெயர் பொறித்த கல் அவர்களுக்குக் கிடையாது.

குவாய் படம் வந்து நாற்பது ஆண்டு கழித்து, 1997இல், அதே இலங்கையில் இன்னொரு போர்ப்படம் எடுத்தார்கள். பாலம் இல்லை, வெடி இல்லை, எதிரி இல்லை. வறண்ட ஒரு சிங்களக் கிராமம். கண் தெரியாத கிழவர் வன்னிஹாமி. பட்டாளத்துக்குப் போன மகன் சீல் வைத்த பெட்டியில் வீட்டுக்கு வருகிறான். பெட்டியைத் திறக்கக் கூடாது என்பது உத்தரவு. இழப்பீட்டுப் படிவத்தில் கிழவர் கைநாட்டு வைத்தால் பணம் வரும், கடன் அடையும், மகளுக்கு வழி பிறக்கும். அவர் வைக்க மாட்டேன் என்கிறார், ஏனென்றால் மகன் சாகவில்லை என்பது அவர் கட்சி. கிராம அதிகாரி சொல்கிறார், பிக்கு சொல்கிறார், கடன் கொடுத்தவர் சொல்கிறார். கிழவர் கேட்கவில்லை. கடைசியில் மண்வெட்டியோடு போய்ப் புதைகுழியைத் தோண்டுகிறார். பெட்டிக்குள் மகன் இல்லை. கனத்துக்கு வாழைத்தண்டும் கல்லும் வைத்து அனுப்பியிருக்கிறார்கள்.

படத்தின் பெயர் 'புரஹந்த களுவர', பௌர்ணமி நாளில் இருட்டு. இயக்கியவர் பிரசன்ன விதானகே. நம் சயாம் கதைக்கு மிக அருகில் வந்த படம் எது என்று என்னைக் கேட்டால் குவாய் பாலத்தைச் சொல்ல மாட்டேன், இதைச் சொல்வேன்.

மலேசியாவில், சுங்கை பெசாரில் வீடியோ எடுத்துப் பிழைக்கிறவன் நான். கல்யாணம், காதுகுத்து, ஆடித் திருவிழா, தீமிதி, கருமக்கிரியை வரைக்கும் கூப்பிடுவார்கள். சபாக் பெர்ணமிலிருந்து தஞ்சோங் காராங் வரை, உள்ளே போனால் பத்தாங் பெர்ஜுந்தை வரை, எந்தக் கோயில் மண்டபத்தில் எந்தப் பக்கம் வெளிச்சம் வரும் என்று எனக்குத் தெரியும். சாவு வீட்டுக்கு வீடியோவா என்று சிலர் முகம் சுளிப்பார்கள். ஆஸ்திரேலியாவில் இருக்கும் மகன் பார்க்க வேண்டும் என்று பெற்ற தாயே கேட்கும்போது நான் என்ன சொல்ல? முகத்தை எடுங்கள், முகத்தை எடுங்கள் என்பார்கள். அவர்களுக்கு வேண்டியது அது ஒன்றுதான். கோவிட் காலத்தில் அந்த முகமும் இல்லாமல் போனது. பெட்டி மூடியபடியே வந்து மூடியபடியே போனது. "உள்ள இருக்கிறது எங்க அண்ணன்தானா தம்பி, நீங்க பாத்தீங்களா?" என்று ஓர் அம்மா என்னிடம் கேட்டார். யாருமே பார்க்கவில்லை. வன்னிஹாமியின் பிடிவாதம் எனக்கு அந்த நாளிலிருந்து பைத்தியக்காரத்தனமாகப் படவில்லை.

அதற்கு முன்பே எங்கள் வீட்டில் ஒரு வன்னிஹாமி இருந்தார். அப்பாவைப் பெற்ற பாட்டி. இந்த வட்டாரத்துத் தென்னந்தோட்டம் ஒன்றில் லயத்து வீட்டில் இருந்தவர். ஜப்பான்காரன் காலத்தில் தாத்தாவைச் சயாமுக்கு ஏற்றினார்கள். மூன்று மாதம் என்றார்கள், நாளுக்கு ஒரு வெள்ளி என்றார்கள். அப்பா அப்போது நடக்கப் பழகிய பிள்ளை. சண்டை முடிந்து சிலர் திரும்பி வந்தார்கள், காலில் புண்ணும் காய்ச்சலுமாக. பாட்டி ஒவ்வொருவரிடமும் போய்க் கேட்டிருக்கிறார். ஒருவர் பேதியில் போய்விட்டார் என்றார். இன்னொருவர், இல்லை, கேம்ப் மாற்றி மேலே கொண்டுபோனார்கள், நல்லாத்தான் இருந்தார் என்றார். பாட்டி இரண்டாமவரை நம்பிக்கொண்டார். தாலியைக் கழற்றவில்லை. பொட்டை அழிக்கவில்லை. அத்தை கல்யாணத்தில் நலங்கு வைக்கப் பாட்டியை நிறுத்தலாமா என்று பெரியவர்களுக்குள் வாக்குவாதமே நடந்ததாம். யாரையும் கேட்காமல் பாட்டி போய் நின்றார்.

அவர் செத்தது எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. குளிப்பாட்டுவதற்கு முன் பெண்கள் கூடிக் கேட்டார்கள்: சுமங்கலியாக அனுப்புவதா, இல்லையா? தாத்தாவுக்குச் சாவுத் தேதி இல்லை. திதி கொடுத்ததில்லை. ஆடி அமாவாசைக்குக்கூட பாட்டி விட்டதில்லை, இருக்கிற மனுஷனுக்கு யாராவது எள்ளுத் தண்ணி இறைப்பார்களா என்று கேட்பார். அப்பா ஒரு வார்த்தை பேசாமல் குங்குமத்தை எடுத்து வைத்தார். அதோடு முடிந்தது அந்தப் பேச்சு.

வன்னிஹாமிக்காவது மறுப்பதற்கு ஒரு படிவம் இருந்தது. தோண்டுவதற்குக் குழி இருந்தது. எங்கள் பாட்டியிடம் கைநாட்டுக் கேட்டுக்கூட யாரும் வரவில்லை. பெரிதாக்கி மாலை போடத் தாத்தாவின் படமும் இல்லை. எங்கள் தொழிலில் பழைய படத்தைச் சரிசெய்து கொடுக்கும் வேலையும் உண்டு. ஐம்பதுகளில் ஸ்டூடியோவில் எடுத்தவை நிறைய வரும். சயாம் போனவர் படத்தை யாரும் கொண்டு வந்ததில்லை. தோட்டத்துக் கூலியை 1942க்கு முன் யார் படம் எடுத்தார்கள்?

விதானகே படத்துக்கு என்ன நடந்தது என்பது அந்தப் படம் போலவே முக்கியம். 2000 ஏப்ரலில் ஆனையிறவு முகாம் புலிகளிடம் விழுந்தது. அரசுக்கு ஆள் வேண்டும், பட்டாளத்தில் சேர இளைஞர்கள் வேண்டும். அந்த நேரத்தில், செத்த சிப்பாயின் பெட்டிக்குள் வாழைத்தண்டு என்று காட்டும் படம் திரையரங்குக்கு வந்தால் எப்படி இருக்கும்? அமைச்சர் உத்தரவு போட்டார், படத்தை நிறுத்தினார்கள். விதானகே உச்ச நீதிமன்றத்துக்குப் போனார். 2001இல் அவர் பக்கம் தீர்ப்பானது. படத்தை விட வேண்டும், இழப்பீடாக 5 லட்சம் ரூபாய் கொடுக்க வேண்டும். வெளியானதும் சிங்கள மக்கள் திரண்டு போய்ப் பார்த்தார்கள். பட்டாளத்தில் மகனைக் கொடுத்த கிராமத்துக்காரர்களுக்குத் தெரியாத விஷயத்தையா அவர் சொல்லிவிட்டார்? அவர்கள் வீட்டில் பேசிக்கொண்டதை அவர் பொதுவில் சொன்னார், அவ்வளவுதான்.

பாணந்துறையில் 1962இல் பிறந்தவர் விதானகே. 1992இல் முதல் படம். அவர் படங்களை வரிசையாக வைத்துப் பார்த்தால் ஒன்று தெரிகிறது: முதலில் தன் வீட்டைக் கூட்டினார், பிறகுதான் அடுத்த வீட்டுக் கதவைத் தட்டினார். 1996இல் வந்த 'அனந்த ராத்திரிய' டால்ஸ்டாயின் 'புத்துயிர்ப்பு' நாவலைக் கொண்டு எடுத்தது, வசதியான ஒருவன் தான் கெடுத்த பெண்ணை நீதிமன்றத்தில் எதிர்கொள்ளும் கதை. அதற்குப் பிறகு சிங்களச் சிப்பாயின் காலிப் பெட்டி. 2003இல் 'இர மதியம'. அதில் மூன்று கதைகள் ஒரே வெயிலில் நடக்கும். காணாமல் போன விமானியைத் தேடும் மனைவி, விடுமுறையில் அநுராதபுரத்து விலைமாதர் விடுதிக்குப் போய்த் தன் தங்கையையே அங்கே பார்த்துவிடும் சிப்பாய், 1990இல் புலிகள் வடக்கிலிருந்து விரட்டிய முஸ்லிம் குடும்பத்துச் சிறுவனும் அவன் நாயும். புலிகள் செய்ததையும் காட்டுகிறார். ஆனால் அதைக் காட்டும் உரிமையைத் தன் பட்டாளத்தின் பொய்யைக் காட்டிச் சம்பாதித்துக்கொண்டு வந்திருக்கிறார். 2012இல்தான் 'ஒப நாத்துவா ஒப எக்கா', தஸ்தயெவ்ஸ்கியின் சிறுகதையை ஒட்டியது. மலையகத்து ஊர் ஒன்றில் அடகுக்கடை வைத்திருக்கும் சிங்களவன், போரில் எல்லாம் இழந்து வடக்கிலிருந்து வந்த செல்வி என்ற பெண்ணைக் கட்டிக்கொள்கிறான். அவன் முன்னாள் சிப்பாய் என்பதை அவள் பிறகுதான் தெரிந்துகொள்கிறாள். செல்வியாக நடித்த அஞ்சலி பாட்டீலுக்கு அந்த ஆண்டு கோவா விழாவில் சிறந்த நடிகை விருது.

2014இல் அந்தப் படம் சென்னைக்கு வந்தபோது மிரட்டல் வந்து திரையிடலை நிறுத்தினார்கள். கொழும்பில் அரசு நிறுத்திய மனிதரைச் சென்னையில் நம்மவர்கள் நிறுத்தினார்கள். எனக்கு இது வருத்தத்தைவிட எரிச்சலைத்தான் தந்தது.

இதை எழுதினால் என்னிடம் என்ன கேட்பார்கள் என்று தெரியும். 2009இல் முள்ளிவாய்க்காலுக்காக இந்தப் பக்கத்துக் கோயில்களில் மெழுகுவர்த்தி ஏற்றினோம், காசு சேர்த்தோம். அதைப் படம் எடுத்தவனே நான்தான். "சிங்களவன் படத்தைத் தூக்கிப் பிடிக்கிறியே, வெட்கமா இல்லையா?" என்று என் மச்சான் வாட்ஸ்அப்பில் கேட்டார். மச்சான் படத்தைப் பார்க்கவில்லை. பார்த்திருந்தால் இன்னும் நல்ல கேள்வி கேட்டிருப்பார். நான் கேட்கிறேன்: செல்வி ஏன் அவ்வளவு குறைவாகப் பேசுகிறாள்? படம் முழுக்க அவன் அவளைப் பார்க்கிறான், அவன் குற்ற உணர்ச்சி வளர்கிறது, கடைசியில் அவள் போய்விடுகிறாள். அவள் அண்ணன் தம்பிகளைப் பற்றி, அவள் ஊரைப் பற்றி அவளுக்குச் சொல்ல இருந்தது எவ்வளவோ இருந்திருக்கும். சிங்களவர் எடுத்த படத்தில் சிங்களவனின் மனசாட்சிதான் கதாநாயகன். அது விதானகேயின் குறை. அந்தக் குறையைத் தமிழர்தான் தீர்க்க வேண்டும், அதுவும் படம் எடுத்து. தடை போட்டு ஒரு குறையும் தீராது.

2023இல் வந்த விதானகேயின் 'பாரடைஸ்' படத்தை மணிரத்னத்தின் மெட்ராஸ் டாக்கீஸ் வழங்கியது. பூசான் விழாவில் விருது வாங்கியது. 2022இல் இலங்கை பெட்ரோலும் மருந்தும் இல்லாமல் கிடந்த நேரம். ராமாயணச் சுற்றுலா என்று கேரளத்திலிருந்து வந்த தம்பதியின் மடிக்கணினிகள் மலையகத்தில் திருட்டுப் போகின்றன. வந்தவர்கள் அவசரப்படுகிறார்கள், போலீஸுக்கு யாரையாவது காட்ட வேண்டும். பிடித்து அடிப்பது யாரை? தோட்டத்துத் தமிழ்ப் பிள்ளைகளை. தோட்டத்தில் வளர்ந்தவன் எவனும் அந்தக் காட்சியைச் சாய்ந்து உட்கார்ந்து பார்க்க முடியாது. திருட்டு என்றால் முதலில் லயத்துக்குத்தான் ஜீப் வரும் என்பது எங்களுக்கும் பழக்கம்.

இப்போது நம் வீட்டுக்கு வருகிறேன்.

சயாமைப் பற்றி நாம் பேசும்போதெல்லாம் ஜப்பான்காரன் பிடித்துக்கொண்டு போனான் என்று ஒரே வரியில் முடித்துவிடுகிறோம். பொய் இல்லை. இலவசமாகப் படம் காட்டுகிறோம் என்று கொட்டகைக்குக் கூட்டி, கதவைச் சாத்தி, அப்படியே ரயிலேற்றிய கதைகள் பதிவாகியிருக்கின்றன. படக்காரனாக எனக்கு அதைக் கேட்டால் உடம்பு கூசுகிறது. ஆனால் தோட்டத்தில் கொட்டகை இல்லை. தோட்டத்தில் என்ன நடந்தது? துரைமார்கள் 1942 ஜனவரிக்குள் சிங்கப்பூர்ப் பக்கம் ஓடிவிட்டார்கள். தோட்டம் கணக்கெழுதும் கிராணிமார் கையில். ஜப்பான்காரனுக்கு இந்தத் தோட்டத்திலிருந்து இத்தனை ஆள் வேண்டும் என்று உத்தரவு வரும். முனியாண்டி யார், ராமசாமி யார், எந்த லயத்தில் எத்தனாவது கதவு என்று அந்த ஜப்பான்காரனுக்கு என்ன தெரியும்? ஆட்களின் பெயர் இருக்கும் செக்ரோல் புத்தகம் யாரிடம் இருந்தது? பெயர் எழுதிக் கொடுத்தது நம் கிராணி. அடையாளம் காட்டியது நம் கங்காணி.

யார் பெயரை எழுதினார்கள் என்பதையும் வரலாறு எழுதியவர்கள் தொட்டிருக்கிறார்கள். எதிர்த்துப் பேசியவன். சொந்தம் இல்லாத தனிக்கட்டை. கிராணிக்குக் கோழியும் முட்டையும் கொடுக்க வழியில்லாதவன். தோட்டத்துப் பெரியவர்களோடு சாதியில் ஒட்டாதவன் என்று நான் சேர்த்துக்கொள்கிறேன், என் வீட்டில் கேட்ட பேச்சை வைத்து. காலையில் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக் களத்தில் ஒருநாள் தாத்தா யாரையோ எதிர்த்துக் கேட்டார் என்று பாட்டி சொல்வார். யாரை என்று சொல்ல மாட்டார், அந்தக் குடும்பமும் இன்னும் இந்த வட்டாரத்தில் இருக்கிறது என்பதால். அவர்கள் வீட்டுக் கல்யாணத்துக்கும் நான்தான் வீடியோ.

எல்லாக் கிராணியும் கெட்டவர் என்று சொல்லவில்லை. காட்டுக்குள் ஆளை ஒளித்தவர்கள் இருந்தார்கள். கணக்கைக் குறைத்து எழுதி உதை வாங்கியவர்கள் இருந்தார்கள். பெயரைக் கொடுக்காவிட்டால் தன்னையே ஏற்றிவிடுவான் என்று நடுங்கியவரும் இருந்திருப்பார், வீட்டில் அவருக்கும் பிள்ளை குட்டி. அதனால்தான் அது படத்துக்கு உரிய விஷயம். மீசை வைத்த ஜப்பான்காரனை வில்லனாக்கிப் படம் எடுப்பது சுலபம். ராத்திரி அரிக்கன் விளக்கில் உட்கார்ந்து, பத்துப் பெயர் எழுத வேண்டிய தாளில் ஏழு எழுதி, எட்டாவதுக்கு யோசிக்கிற மனிதரை எடுப்பதுதான் கஷ்டம்.

இதைப் பேசாமல் இருக்க நமக்கு ஒரு நல்ல மறைப்பு கிடைத்தது: நேதாஜி. தப்பாக எடுத்துக்கொள்ள வேண்டாம், எங்கள் வீட்டிலும் அவர் படம் இருந்தது. 1943 ஜூலையில் அவர் சிங்கப்பூருக்கு வந்ததும் தோட்டத்து ஆண்களும் பெண்களும் படையில் சேர்ந்தார்கள். ஜான்சி ராணிப் படையில் பால்வெட்டுக்காரப் பெண்கள் துப்பாக்கி பிடித்தார்கள். அது பெருமை. ஆனால் அதே 1943இல்தான் சயாம் காட்டில் வாந்திபேதியில் நம்மவர்கள் கொத்துக்கொத்தாக விழுந்தார்கள். ரயிலுக்குத் தப்பத்தான் சிலர் படையிலேயே சேர்ந்தார்கள் என்பதும் உண்டு. யூனிஃபார்ம் போட்டவரைச் சுவரில் மாட்டினோம். கோணிச் சாக்கைச் சுற்றிக்கொண்டு போனவரை விட்டுவிட்டோம். ஆர். சண்முகத்தின் 'சயாம் மரண ரயில்', அ. ரெங்கசாமியின் 'நினைவுச் சின்னம்' என்று நாவல்கள் இருக்கின்றன, ஆவணப்படங்களும் இருக்கின்றன. அவற்றை எடுத்தவர்களுக்கும் எழுதியவர்களுக்கும் நாம் கடன்பட்டவர்கள். ஆனால் டிக்கெட் வாங்கி, பாப்கார்னோடு உட்கார்ந்து, இடைவேளையில் பக்கத்து இருக்கைக்காரரிடம் "எங்க தாத்தாவும் போனாரு" என்று சொல்ல வைக்கிற கதைப்படம் ஒன்று மலேசியத் தமிழில் என் கண்ணில் பட்டதில்லை.

போரைப் படமாக்க ஈரான்காரர்களிடம் கற்றுக்கொள்ள நிறைய இருக்கிறது என்பார்கள். உண்மைதான். ஈராக்கோடு 1980 முதல் 1988 வரை எட்டு ஆண்டு சண்டை. அரசே பணம் போட்டுத் தியாகப் படங்களை எடுக்க வைத்தது. நிலைத்தது எது? பஹ்ராம் பெய்ஸாய் 1986இல் எடுத்த 'பாஷு'. தெற்கே குண்டு விழுந்த ஊரிலிருந்து லாரியில் ஏறித் தப்பும் கறுத்த சிறுவன், வடக்கே கீலான் மாநிலத்து வயல்வெளியில் போய் இறங்குகிறான். அங்கே ஒரு விவசாயப் பெண் அவனைச் சேர்த்துக்கொள்கிறாள். அவன் பேச்சு அவளுக்குப் புரியாது, ஊருக்கு அவன் நிறமே பிடிக்காது. படத்தை 1989 வரை வெளியே விடவில்லை. வயல் வரப்பில் அவர்கள் நடக்கும் காட்சிகளைப் பார்த்தபோது, எங்கள் செகிஞ்சான் பக்கம் கதிர் முற்றும் மாதத்தில் யாரோ எடுத்தது போலவே இருந்தது எனக்கு. ரக்‌ஷான் பனி எத்தமாத் என்ற பெண் இயக்குநர் 2005இல் 'கீலானே' எடுத்தார். சண்டையில் உடம்பு போன மகனைத் தூக்கி, குளிப்பாட்டி, சோறு ஊட்டும் தாய். சண்டை முடிந்து பதினைந்து ஆண்டு ஆகியும் அவளுக்கு முடியவில்லை. அதற்கு முன் துணி ஆலைத் தொழிலாளிப் பெண்ணின் குடும்பத்தை வைத்துப் படம் எடுத்தவர் அவர். வாடகையும் மருந்துச் செலவும் தெரிந்தவருக்குத்தான் போரும் தெரிகிறது.

நம்மால் முடியாது என்று சொல்லாதீர்கள். 2005இல் தீபக் குமரன் மேனன் 'செம்மண் சாலை' எடுத்தார், தோட்டத்திலிருந்து படிக்கப் போக நினைக்கும் பெண்ணின் கதை. 2015 டிசம்பரில் சஞ்சய் குமார் பெருமாளின் 'ஜகாட்' வந்தது. தோட்டம் உடைந்து வெளியே வந்த குடும்பங்கள், தொண்ணூறுகளின் தொடக்கம், அப்போய் என்ற பையன், பெல்ட்டை எடுக்கும் அப்பா, கும்பலில் இருக்கும் சித்தப்பா. அடுத்த ஆண்டு மலேசியத் திரைப்பட விழாவில் மலாய் மொழிப் படத்துக்கு ஒரு பிரிவு, மலாய் அல்லாத படத்துக்குத் தனிப் பிரிவு என்று ஒதுக்கப் பார்த்தார்கள். மலாய்க் கலைஞர்களே எதிர்த்தார்கள், அஃப்லின் ஷாவ்கி விழாவைப் புறக்கணித்தார். பிரிவை எடுத்தார்கள். சிறந்த மலேசியத் திரைப்படமும் சிறந்த இயக்குநரும் 'ஜகாட்'டுக்குப் போயின. அந்தப் படம் ஏன் ஜெயித்தது? அரசாங்கம் கைவிட்டது என்று மட்டும் அழவில்லை. பிள்ளையை அடித்துக் கும்பலுக்குத் தள்ளுவது நாமும்தான் என்று காட்டியது. விதானகே பிடித்த அதே வழி, அவரைப் பார்த்துப் பிடித்ததா இல்லையா என்பது வேறு விஷயம்.

மலாய் சினிமாவில் ஜப்பானியரோடு சண்டையிட்ட லெப்டினன்ட் அட்னானுக்கு 2000ஆம் ஆண்டிலேயே படம் வந்துவிட்டது. அவர் சிப்பாய், சண்டையில் செத்தவர், படம் எடுக்கத் தோது. கூலிக்குப் படம் எடுக்கக் கொஞ்சம் யோசிக்க வேண்டும். ஆனால் செலவு குறைவு. நான் சொல்லும் கதைக்குக் காஞ்சனாபுரிக்குப் போக வேண்டாம், பாலம் கட்ட வேண்டாம், ரயில் வேண்டாம். ஒரு லயம், ஒரு ஆபீஸ் அறை, ஒரு பெரட்டுக் களம், ஒரு லாரி. திரைப்பட வளர்ச்சிக் கழகமான ஃபினாஸிடம் பணம் கேட்கும்போது தொகை சின்னதாக இருந்தால் அவர்களுக்கும் மறுக்கக் கூச்சமாக இருக்கும். லயம்தான் பிரச்சனை. குவால சிலாங்கூர்ப் பக்கம் பழைய லயங்களை இடித்துக்கொண்டே வருகிறார்கள், செம்பனை வந்த பிறகு அந்த வீடுகளில் இருப்பது பெரும்பாலும் வெளிநாட்டுத் தொழிலாளர்கள். மூன்று மாதம், நாளுக்கு இவ்வளவு என்று சொல்லித்தான் அவர்களையும் அழைத்து வருகிறார்கள் போலும். படத்தில் ஓரமாக அவர்களும் நிற்கட்டும், கெடுதல் இல்லை.

சயாம் போய் வந்தவர்கள் அநேகமாக எல்லாரும் போய்விட்டார்கள். அவர்களுடைய பிள்ளைகளுக்கே எண்பது வயது ஆகிவிட்டது. அந்தப் பிள்ளைகளிடம் இருப்பது ரயில் பற்றிய ஞாபகம் இல்லை, வீட்டில் அம்மா காத்திருந்த ஞாபகம். கதை அங்கேதான் இருக்கிறது. கேட்க வேண்டிய கேள்வியை மட்டும் மாற்றினால் போதும். "அங்க என்ன நடந்துச்சு?" என்று கேட்டால் அவர்கள் உதட்டைப் பிதுக்குவார்கள். "தோட்டத்துல பேர் எழுதினது யாரு?" என்று கேட்டால் முதலில் கதவைச் சாத்துவார்கள், பிறகு சமையலறைக்குக் கூப்பிட்டுச் சொல்வார்கள். நான் கேட்டுப் பார்த்திருக்கிறேன். கேமராவை அணைத்து வைத்த பிறகுதான் சொன்னார்கள்.

நடிகர் விஷயத்திலும் விதானகேயிடம் ஒரு தந்திரம் இருக்கிறது. வன்னிஹாமியாக நடித்த ஜோ அபேவிக்ரமவை இலங்கை மக்கள் முதலில் அறிந்தது சிரிப்பு நடிகராக. இந்தப் படத்துக்குத்தான் 1999இல் சிங்கப்பூர்த் திரைப்பட விழாவில் சிறந்த நடிகர் விருது வாங்கினார். நம் கிராணிக்கும் அப்படி ஒருவர் வேண்டும். வில்லன் முகம் வேண்டாம். மேடை நாடகத்திலும் தொலைக்காட்சியிலும் நம்மைச் சிரிக்க வைத்து, கோயில் கலைநிகழ்ச்சிக்கு வந்தால் பிள்ளைகள் ஓடிப்போய்க் கையைப் பிடித்துக்கொள்கிறவர் யாராவது. அவர் அந்த எட்டாவது பெயரை எழுத வேண்டும், நாம் அவரை வெறுக்க முடியாமல் உட்கார்ந்திருக்க வேண்டும். அதற்கு ஒப்புக்கொள்ளும் நடிகரும், இதை எழுதத் துணியும் பிள்ளையும் கிடைத்தால் இரண்டாவது கேமரா நான் பிடிக்கிறேன். கூலி வேண்டாம், பெட்ரோல் காசு கொடுத்தால் போதும். வைகாசி மட்டும் முடியாது, கல்யாண மாதம்.